கோல்ட்ஸ்மித்தோடு ஒரு வாரம்

ஜூன் 3, செவ்வாய்

நண்பனின் குறும்படத்துக்கு நான் போட்ட ஆர்.ஆர். (பின்னணி இசைதான்) திரும்பி வந்துவிட்டது. "நல்லாத்தான் இருக்கு, ஆனா ஒரு தீம் இல்லையேடா" என்கிறான். பன்னிரண்டு நிமிஷப் படத்தில் பதினோரு நிமிஷம் வாசித்துத் தள்ளியிருக்கிறேன், படத்தின் அடையாளமாக மனதில் நிற்கிற ஒரு மெட்டு, அந்தத் தீம் இல்லையாம்!

கடுப்பில் ஹாலிவுட் இசையமைப்பாளர் ஜெர்ரி கோல்ட்ஸ்மித்தைப் போட்டுக் கேட்டேன். அவரும் இதே வார்த்தையை வாங்கியவர்தான். 1979இல் ‘ஸ்டார் ட்ரெக்’ முதல் படத்துக்கு எழுதிய ஆரம்பப் பகுதிகளை, தீம் இல்லை என்று இயக்குநர் ராபர்ட் வைஸ் ஒதுக்கிவிட்டார். மறுபடி உட்கார்ந்து எழுதியதுதான் எல்லோருக்கும் தெரிந்த அந்த மெட்டு. 1987இல் வந்த டிவி தொடருக்கும் அதுவே முகப்பு இசை.

ஜூன் 4

கோல்ட்ஸ்மித் 1950இல் சிபிஎஸ் என்ற அமெரிக்க ஒலிபரப்பு நிறுவனத்தில் தட்டச்சு வேலைக்குச் சேர்ந்தவர். வானொலி, அப்புறம் டிவி என்று அங்கேயே கை பழகியது. ‘ட்விலைட் ஸோன்’ தொடரில் 1961இல் வந்த ‘தி இன்வேடர்ஸ்’ பார்த்தேன். ஒதுக்குப்புற வீட்டில் ஒரு கிழவி, கிட்டத்தட்ட வசனமே கிடையாது. அவள் பயத்தை இசைதான் பேசியாக வேண்டும். பேசுகிறது.

ஜூன் 6

இரண்டு நாளாக ‘சைனாடவுன்’ (1974) மட்டும். வேறொருவர் போட்ட இசையைத் தூக்கிவிட்டு இவரைக் கூப்பிட்டார்கள். கையில் இருந்தது பத்து நாள். கேட்ட வாத்தியங்களைப் பாருங்கள்: நாலு பியானோ, நாலு ஹார்ப், தந்தி வாத்தியங்கள், இரண்டு தாளக்காரர்கள், ஒரே ஒரு ட்ரம்பெட். 1930களின் கதை என்பதற்காக அந்தக் காலத்து இசையை நகல் எடுக்கவில்லை. முதலில் கம்பிகள் சிலிர்க்கின்றன. பிறகு ஊவன் ரேஸியின் ட்ரம்பெட் தனியாக வருகிறது, தூங்காத ஆள் பெருமூச்சு விடுவதுபோல. இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடும் படத்தில் இசை சுமார் 23 நிமிஷம்தான். என் பதினோரு நிமிஷத்தை நினைத்துக்கொண்டேன். வெட்கமாக இருந்தது.

ஜூன் 7

‘பேட்டன்’ (1970). முற்பிறவியை நம்பும் ராணுவத் தளபதி. அதற்கு ட்ரம்பெட்டில் ஒரு சின்னத் துணுக்கு, எதிரொலித்து எதிரொலித்துத் தேய்ந்து போகிறது. அவ்வளவுதான், ஆள் புரிந்துவிடுகிறார். 18 முறை ஆஸ்கர் பரிந்துரை, கிடைத்தது ‘தி ஓமன்’ படத்துக்கு ஒன்றே ஒன்று. இதற்கு மட்டும் எனக்கு இன்னும் ஆறவில்லை.

ஜூன் 8, ஞாயிறு

என் இசையில் ஏழு நிமிஷத்தை அழித்தேன். பெரியவர் வீட்டைப் பூட்டும் காட்சியில் வயலின் கூட்டம் மொத்தமும் போச்சு. சாவி திரும்பியதும் ஒரு புல்லாங்குழல், ஐந்தே சுரம். அதையே கடைசிக் காட்சியில் இன்னும் மெதுவாக.

இரவு பதினொன்றுக்கு நண்பனிடமிருந்து பதில்: "தீம் சூப்பர். ஆனா அந்தப் பூட்டுச் சத்தம் ஏன்டா இவ்வளவு கேவலமா இருக்கு?"

முதலிலிருந்தே அப்படித்தான் இருந்தது. என் வயலின்கள்தான் மூடி வைத்திருந்தன.