வார்னிஷ் என்றால் எந்த வார்னிஷ்?

குன்னூரில் நான் வேலை பார்த்த அச்சகத்தில் வார்னிஷ் என்ற ஒரே பெயரில் மூன்று டப்பாக்கள் இருந்தன. மெஷின்மேன் கேட்பது ஒன்று. கவுண்டருக்கு வருகிறவர்கள் கேட்பது வேறு. எப்போதாவது மரச்சாமான்களைச் சரிபார்க்க வரும் ஆசாரி கேட்பது மூன்றாவது. கலைச்சொல் அகராதியில் மெருகெண்ணெய் என்று போட்டிருக்கிறார்கள். நல்ல சொல்தான், ஆனால் பின்னால் சொன்ன இரண்டுக்குத்தான் அது பொருந்தும். மெஷின்மேன் கேட்கிற வார்னிஷுக்கும் மெருகுக்கும் சம்பந்தமே கிடையாது. அது மையின் உடம்பு.

அச்சு மையில் முக்கியமாக இருப்பது இரண்டே சங்கதிதான். ஒன்று நிறம், கறுப்பு மை என்றால் விளக்குக் கரியோ அது போன்ற வேறு கரியோ. இன்னொன்று அந்தக் கரியைச் சுமந்துகொண்டு போய்க் காகிதத்தில் ஒட்டவைக்கிற எண்ணெய். அந்த எண்ணெய்க்குத்தான் அச்சுத் தொழிலில் பல நூறு வருஷமாக வார்னிஷ் என்று பெயர். பேனாவுக்குப் பழகிய நீர்த்த மை உலோக எழுத்தின் மேல் நிற்காது, திரண்டு ஓடிவிடும். 1450 வாக்கில் கூட்டன்பர்க் உலோக எழுத்தை வைத்து அச்சடிக்க ஆரம்பித்தபோது எண்ணெயில் குழைத்த மை இல்லாமல் அவர் வேலை நடந்திருக்காது.

ஆளி விதை எண்ணெயை 300 டிகிரி செல்சியஸ் வாக்கில் விடாமல் காய்ச்சினால் அது கெட்டியாகி ஒட்டும் தன்மைக்கு வரும். பழைய ஆட்கள் சில நேரம் எண்ணெயிலேயே தீ வைத்து, கொஞ்சம் எரியவிட்டு, மூடியைப் போட்டு அணைப்பார்களாம். பொங்கினால் கட்டடமே போய்விடும் என்பதால் திறந்த வெளியில் வைத்துத்தான் காய்ச்சுவார்கள். ஒரு சொட்டை ஆறவைத்து, இரண்டு விரலுக்கு நடுவே வைத்து இழுத்துப் பார்ப்பார்கள். நம் வீட்டில் வெல்லப்பாகுக்குக் கம்பிப் பதம் பார்ப்பது போலத்தான். நூல் இழுபட்டால் வார்னிஷ் தயார். 1683-ல் லண்டனில் அச்சுத் தொழிலைப் பற்றி விரிவாக எழுத ஆரம்பித்த ஜோசப் மாக்ஸன், அச்சகத் தலைவனுக்கு இருக்கிற பெரிய கவலைகளில் நல்ல மையும் ஒன்று என்று சொல்லப் போய், நல்ல மை என்பதைவிட மைக்கான நல்ல வார்னிஷ் என்று தானே திருத்திக்கொள்கிறார். கரி யார் வேண்டுமானாலும் பிடிக்கலாம், வார்னிஷில்தான் விஷயம் இருக்கிறது என்பது அந்த ஆளுக்குத் தெரிந்திருக்கிறது.

இதெல்லாம் எனக்குப் புத்தகம் படித்துத் தெரிய வரவில்லை. மெஷினுக்குப் பக்கத்தில் நின்றுதான் புரிந்தது. புத்தகம் அப்புறம்.

எங்கள் மெஷின்மேன் சிவகாசிக்காரர். அண்ணாச்சி என்றுதான் எல்லோரும் கூப்பிடுவோம். சிவகாசியில் அச்சுத் தொழில் செழித்ததற்கு அந்த ஊரின் காய்ந்த வெயிலும் ஒரு காரணம். வந்த புதிதில் இந்த மலையோடு அவருக்குத் தினமும் சண்டை. "எங்க ஊர்ல டப்பாவைத் தொறந்து அப்படியே போட்டு ஓட்டுவோம் தம்பி. இங்க என்னன்னா மை கத்தியை விட்டு இறங்க மாட்டேங்கு" என்பார். மார்கழி, தையில் ஊட்டிப் பக்கம் தலைகுந்தாவில் உறைபனி கொட்டும்போது குன்னூரில் அந்த அளவு இல்லை என்றாலும், காலையில் மெஷின் இரும்பைத் தொட்டால் கை விறைக்கும். அந்தக் குளிரில் மை இறுகிக் கிடக்கும். அப்படியே ரோலரில் ஏற்றினால் அது காகிதத்தில் படிவதற்குப் பதிலாகக் காகிதத்தைப் பிடுங்கும். மட்டமான காகிதமாக இருந்தால் மேல்நார் பிய்ந்து வந்து ரோலரில் ஒட்டி, அச்சில் வெள்ளை வெள்ளையாகப் புள்ளி விழும்.

அப்போதுதான் வார்னிஷ் டப்பா வெளியே வரும். லித்தோ வார்னிஷுக்கு எண்கள் உண்டு. எண் ஏற ஏறக் கெட்டி. பூஜ்யம் கூடக் கூட நீர்ப்பு. கண்ணாடிப் பலகையில் மையைக் கொட்டி, மெல்லிய வார்னிஷைச் சொட்டு சொட்டாக விட்டு, மை கத்தியால் மடித்து மடித்துத் தேய்ப்பார் அண்ணாச்சி. கத்தியைத் தூக்கிப் பிடித்தால் மை அறுபடாமல் இறங்க வேண்டும். சட்டென்று அறுந்தால் இன்னும் ஒரு சொட்டு. நூறு கிராம் மைக்கு ஐந்து கிராமுக்கு மேல் போகக் கூடாது என்பது அவர் வைத்திருந்த எல்லை.

எல்லையைத் தாண்டினால் என்ன ஆகும் என்பதற்குத் தேயிலைத் தொழிற்சாலைகளுக்கு நாங்கள் அடித்த இலைச் சீட்டுதான் சாட்சி. சிறு விவசாயிகள் கொண்டுவரும் பச்சைத் தேயிலையை எடை போட்டு எழுதித் தருகிற சீட்டு அது. சின்ன அளவு, 8 பாயிண்ட் எழுத்து. வார்னிஷ் கூடிப்போன மை ஓரம் கசிந்து சுழிகளை அடைத்துவிடும். மூன்று சுழி ‘ண’ எது, இரண்டு சுழி ‘ன’ எது என்று லென்ஸ் வைத்துப் பார்த்தாலும் தெரியாது. கறுப்பும் வெளுத்துப் போகும். இறுகினால் காகிதம் பிய்கிறது, நீர்த்தால் எழுத்து ஊதுகிறது. இந்த இரண்டுக்கும் நடுவில் உள்ள இடம் சிவகாசியில் அகலமானது, இங்கே ஒடுக்கமானது. அதுவும் காலை எட்டு மணிக்கு ஓர் இடத்தில் இருக்கும். வெயில் ஏறிய பிறகு பதினொரு மணிக்கு வேறு இடத்துக்கு நகர்ந்திருக்கும்.

காய்வது இன்னொரு தலைவலி. ஆளி விதை எண்ணெய் மை தண்ணீர் ஆவியாவது போல் காய்வதில்லை. காற்றிலிருந்து ஆக்சிஜனை இழுத்து, தன்னோடு தானே பின்னிக்கொண்டு இறுகுகிறது. அதைத் துரிதப்படுத்தத்தான் கோபால்ட் உப்பு சேர்ந்த டிரையர். குளிரில் இந்த வேலை மெதுவாக நடக்கும். காகிதம் ஈரம் குடித்திருந்தால் இன்னும் மெது. குன்னூரில் ஐப்பசி கார்த்திகை மழையில் அடுக்கி வைத்த தாள்கள் மறுநாளும் கையில் ஒட்டும். ஒன்றின் அச்சு இன்னொன்றின் முதுகில் இறங்கியிருக்கும். ஆகவே அடுக்கைச் சிறிது சிறிதாகப் பிரித்து வைப்போம். அவசர வேலைக்குத் தாளுக்குத் தாள் நடுவே வேஸ்ட் பேப்பர் செருகுவோம்.

இதே குணத்தால் ஓர் ஆபத்தும் உண்டு. வார்னிஷ் துடைத்த துணியைச் சுருட்டி மூலையில் போட்டால், காய்கிற வேகத்தில் உள்ளுக்குள் சூடேறி, யாரும் பற்றவைக்காமலே புகைய ஆரம்பிக்கும். தண்ணீர் ஊற்றிய தகர டின்னில் போடுவதுதான் எங்கள் பழக்கம். புதிதாக வருகிற பையனுக்கு நாங்கள் முதலில் சொல்லிக் கொடுப்பது இதைத்தான். கம்போசிங் எல்லாம் பிறகு.

கவுண்டர் பக்கத்து வார்னிஷுக்கு வருவோம். "சார், வார்னிஷ் போட்டுக் குடுங்க, பளபளன்னு இருக்கணும்." அட்டைக்கு மேல் பூசுகிற பூச்சு இது. சொல்லப்போனால் இதுவும் ஆரம்பத்தில் அதே சரக்குதான்: நிறம் கலக்காத மை. முதலில் எண்ணெய் வார்னிஷ் இருந்தது. நாளானால் மஞ்சளாகும், வெள்ளை அட்டை பழசாகத் தெரியும். பிறகு நீரில் கரைந்த பூச்சு வந்தது. அப்புறம் புற ஊதா விளக்கின் கீழ் நொடியில் இறுகுகிற யூவி வந்தது. இது ஆளி விதையை மறந்தே போன ரசாயனம், பெயர் மட்டும் வார்னிஷ்.

பளபளப்பு கேட்பவர்கள் அதற்கு அடுத்தபடியாக அட்டைக்கு என்ன நடக்கப் போகிறது என்று யோசிப்பதில்லை. யோசிப்பது எங்கள் வேலை. கல்யாணப் பத்திரிகையில் முழுக்க யூவி போட்டுவிட்டால் நான்கு மூலையில் தடவுகிற மஞ்சள் ஒட்டாது, வழித்துக்கொண்டு வரும். பெண் வீட்டு அத்தை அதைப் பார்த்தால் அபசகுனம் என்பார். ஆகவே மூலைகளை விட்டுவிட்டுப் பூசுவோம். தேயிலை அட்டைப் பெட்டியில் ஒட்டு மடிப்பில் வார்னிஷ் படக் கூடாது, பசை பிடிக்காது. தேதியும் லாட் எண்ணும் முத்திரை குத்துகிற கட்டத்திலும் படக் கூடாது, ஸ்டாம்ப் மை வழுக்கும். வார்னிஷ் போடுவதைவிட எங்கே போடாமல் விடுவது என்று குறிப்பதில்தான் கவனம் அதிகம் போகும்.

இந்த ஊருக்கே உரிய சோதனை நீலகிரித் தைல லேபிள். 1840-களில் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த மரம், இன்று மலையின் அடையாளமே அதன் வாசனைதான். அந்தத் தைலம் அருமையான கரைப்பான். ஒட்டிய ஸ்டிக்கரைப் பிய்க்க நாங்களே அதைத்தான் துணியில் நனைத்துத் தேய்ப்போம். அப்படிப்பட்ட சரக்கை அடைக்கிற பாட்டிலுக்கு லேபிள் அடிக்க வேண்டும். பாட்டிலில் ஊற்றுகிறவரின் கையில் தைலம் சொட்டிக்கொண்டிருக்கும். அதே கையால் லேபிளை அழுத்துவார். எண்ணெய் மை, அதன் மேல் எண்ணெய் வார்னிஷ் என்று அடித்த லேபிள்களில் கட்டைவிரல் பட்ட இடம் கலங்கிவிடும். கடைக்காரர் எங்களிடம் வந்து, "உங்க வார்னிஷ் சரியில்லைங்க" என்றார். அவர் சொன்னது மேல்பூச்சை. அண்ணாச்சி அதைத் தன் மையைச் சொல்வதாக எடுத்துக்கொண்டார். "என் வார்னிஷ் கரெக்டா இருக்கு, நூல் இழுத்துப் பார்த்துட்டுத்தான் போட்டேன்" என்று அவர் நிற்க, இருவரும் ஒரே சொல்லைப் பிடித்துக்கொண்டு இரண்டு வேறு பொருளைப் பற்றி அரை மணி நேரம் வாதாடினார்கள். எனக்கு நடுவில் புகவும் மனசில்லை. இருவர் சொன்னதும் உண்மை. கடைசியில் கோவையில் யூவி பூச்சு கொடுத்து வாங்கினோம், கலங்குவது பெரும்பாலும் நின்றது.

மூன்றாவது டப்பா ஆசாரியுடையது. எழுத்துப் பெட்டிகள், மேஜை, கவுண்டர் பலகை எல்லாம் மரம். மழைக்கு உப்பிப்போய் எழுத்துப் பெட்டி இழுவையில் வராது. வார்னிஷ் அடித்தால் கொஞ்சம் தாங்கும். ஆசாரி சில நேரம் அரக்கை ஸ்பிரிட்டில் கரைத்த பிரெஞ்ச் பாலிஷையும் வார்னிஷ் என்றே சொல்வார். அந்த டப்பாவுக்கு மட்டும் பழைய முதலாளி பூட்டு போட்டிருந்தார். காரணம் உண்டு. 1971-ல் தளர்ந்த மதுவிலக்கு 1974-ல் மறுபடி வந்தது. அந்தக் காலத்தில் பாலிஷும் வார்னிஷும் குடித்துக் கண் போனவர்கள், செத்துப்போனவர்கள் கதை தமிழ்நாட்டில் எந்த ஊரிலும் கேட்கக் கிடைக்கும். மெத்தனால் செய்கிற வேலை. அந்தத் தலைமுறையில் "அவன் வார்னிஷ் ஆளு" என்றால் அச்சுத் தொழிலாளி என்றோ ஆசாரி என்றோ அர்த்தமில்லை.

இந்தச் சொல் எங்கிருந்து வந்தது என்று ஒருமுறை தேடிப் பார்த்தேன். லத்தீனில் வெர்னிக்ஸ், அதற்கு முன் கிரேக்கம், இன்றைய லிபியாவின் பெங்காசி அந்தக் காலத்தில் பெரெனிகே என்ற ஊர், அதன் பெயரே பிசினுக்கு வந்திருக்கலாம் என்று அகராதிகள் சொல்கின்றன. முதலில் அது எண்ணெயே இல்லை, சாண்டராக் என்கிற காய்ந்த பிசின். ஐரோப்பிய எழுத்தர்கள் அதைத் தூளாக்கி, மை பரவாமலிருக்க, காகிதம் போல எழுதப் பயன்பட்ட பதப்படுத்திய தோலில் தேய்த்துவிட்டு எழுதினார்கள். அந்தத் தூளும் வார்னிஷ்தான். செப்புத் தகட்டில் அமிலத்தால் படம் செதுக்குகிறவர்கள், அமிலம் படாமல் காக்கப் பூசும் மெழுகுப் பூச்சையும் பிரெஞ்சில் அதே பெயரால் சொன்னார்கள். பிறந்த குழந்தையின் தோல் மேல் வெள்ளையாகப் படிந்திருக்குமே, அதற்கும் மருத்துவத்தில் வெர்னிக்ஸ் என்றுதான் பெயர். ஆஸ்பத்திரி ஃபாரம் அடிக்க வந்த நர்ஸ் அக்கா இதைச் சொன்னபோது அண்ணாச்சி நம்பவே இல்லை.

தூள், எண்ணெய், மெழுகு, பூச்சு என்று எதுவாக இருந்தாலும் ஒன்று பொதுவாகத் தெரிகிறது: மேலே ஒரு படலமாக நின்று எதையோ காப்பது. மையின் வார்னிஷ் மட்டும்தான் இதில் சேராத பிள்ளை. அது மேலே நிற்பதில்லை, உள்ளே இருந்து சுமக்கிறது. அதனால்தானோ என்னவோ, மறந்து போவதும் அந்த அர்த்தம்தான். சமவெளியில் மை டப்பாவிலேயே எல்லாம் கலந்து வருகிறது. கத்தியும் பலகையும் எடுக்கத் தேவையில்லாத மெஷின்மேனுக்கு வார்னிஷ் என்றால் பளபளப்புதான். எங்களுக்கு இந்தக் குளிரும் மழையும் அந்தப் பழைய அர்த்தத்தை விடவிடவில்லை. மலை ஏறி வந்த ஒவ்வொரு மெஷின்மேனும் முதல் பனிக்காலத்தில் அதைக் கற்றுக்கொண்டே ஆக வேண்டியிருந்தது.

இப்போது நிலைமை மாறிவிட்டது. பத்திரிகை, விசிட்டிங் கார்டு எல்லாம் டிஜிட்டலில் போகிறது. டோனருக்கு எண்ணெயே கிடையாது. ஆஃப்செட் மிச்சமிருப்பது பில் புத்தகத்துக்கும் இலைச் சீட்டுக்கும்தான். போன மாதம் கோவை டீலருக்குப் போன் போட்டு லித்தோ வார்னிஷ் இரண்டு டப்பா கேட்டேன். "கிளாஸா, மேட்டாங்க?" என்றான் பையன். அச்சு மையில் கலக்கிறது என்றேன். "அதுக்கு ரெடியூசர் ஜெல்னு சொல்லணும்ங்க, வார்னிஷ்னு கேட்டா நாங்க யூவிதான் அனுப்புவோம்." சரி, அதையே அனுப்பச் சொன்னேன். டியூபில் வந்தது. அண்ணாச்சி கொஞ்சம் எடுத்து விரலில் இழுத்துப் பார்த்தார், நூல் வரவில்லை. மையில் கலந்து ஓட்டினால் இலைச் சீட்டு ஒழுங்காக விழுந்தது. "விலை என்ன?" என்று கேட்டார், சொன்னதும் டியூபின் மூடியை இறுக்கமாகத் திருகி, அலமாரியில் அவர் கைக்கு மட்டும் எட்டுகிற தட்டில் வைத்துக்கொண்டார்.