தம்பி வந்த பிறகு

ஜூன் 4
கச்சான் காற்று விடாமல் அடிக்கிறது. தம்பி இன்றைக்கும் அறைக் கதவுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தான். பூட்டில்லை, கொழுக்கிகூடப் போடவில்லை. நான் வந்து தள்ளிவிட்ட பிறகுதான் வெளியே வந்தான். மறியலில், சிறையில் இருந்து வந்து நாற்பது நாள்.

ஜூன் 6
படம் எடுக்கிற பெடியள் இரண்டு பேர் வந்தார்கள். உவர்மலைப் பக்கம் ஒரு பழைய வீட்டில் மறியல் அறை போட்டிருக்கிறார்களாம். நடிக்கிறவனுக்குச் சொல்லிக்கொடுக்க உள்ளே இருந்த ஆள் வேண்டுமாம். தேத்தண்ணி கொடுத்தேன். பதில் கொடுக்கவில்லை.

ஜூன் 7
நித்திரை இல்லை. ஊர் மெல்ல மறந்துகொண்டு வருகிறது. இப்போது போய் ஊருக்கே படம் போட்டுக் காட்டுவதா?

ஜூன் 8
போகிறேன் என்கிறான். அந்தப் பெடியன் ஒரு கதை சொல்லியிருக்கிறான். டேனி ட்ரெஹோ என்ற அமெரிக்க நடிகர், 1969இல் சிறையில் இருந்து வந்தவர். போதையை விட நினைக்கிறவர்களுக்குத் துணை நிற்கிறவர். அப்படி ஒரு பையனுக்காக, 1985இல் வந்த ஒரு ரயில் படத்தின் படப்பிடிப்புக்குப் போனார். அங்கே திரைக்கதையில் வேலை செய்த எட்வர்ட் பங்கர் அவரை அடையாளம் கண்டார். இருவரும் சான் குவென்டின் சிறையில் இருந்தவர்கள். பங்கர் 17 வயதிலேயே அங்கே போனவர், சிறைக்குள்ளேயே எழுதப் பழகியவர். ட்ரெஹோ உள்ளே குத்துச்சண்டை போட்டது அவருக்குத் தெரியும். நடிகருக்குப் பழக்கிவிட நாளுக்கு 320 டொலர் பேசி வைத்துக்கொண்டார்கள்.
"அக்கா, அந்த ஆளைக் கண்டுபிடிச்சது பொலிஸ் இல்லை. இன்னொரு மறியல்காரன்" என்றான்.
காசைப் பற்றி அவன் ஒரு வார்த்தை பேசவில்லை.

ஜூன் 11
போனான்.

ஜூன் 12
நானும் போனேன். நடிக்கிற பெடியன் கோப்பையை மடியில் வைத்துச் சோறு பிசைந்தான். "அப்படி இல்லை" என்று தம்பி சுவரில் முதுகு ஒட்டக் குந்தினான். இடது கை கோப்பையைச் சுற்றி வளைந்தது. கண் கதவில். ஐந்து வாய், ஆறு வாய், மெல்லாமல் விழுங்கினான். எல்லாரும் கைதட்டினார்கள்.
வீட்டிலும் அவன் இப்படித்தான் சாப்பிடுகிறான். பசி என்று நினைத்து நான் இன்னும் இன்னும் சோறு போட்டேன். வந்த நாளில் இருந்து.

ஜூன் 13
புட்டும் சூரைக் கறியும். கதவைப் பார்த்தபடி நான் இருந்தேன், அவனை அடுப்புப் பக்கம் இருக்க வைத்தேன். கொஞ்சம் ஆறுதலாகச் சாப்பிட்டான் போல இருந்தது.

ஜூன் 15
கதவு பூட்டுகிற காட்சியை எட்டுத் தரம் எடுத்தார்கள். ஒவ்வொரு தரமும் எப்படி நிற்க வேண்டும் என்று தம்பி உள்ளே போய்க் காட்டினான். முடிந்து எல்லாரும் தேத்தண்ணிக்குப் போனார்கள். அவன் மட்டும் கம்பிக்குள்ளே நின்றான். பலகைக் கம்பி, கறுப்புப் பெயின்ட். விரலால் தள்ளினால் போதும். தள்ளவில்லை. நான் ஓடிப்போய்த் திறந்தேன். கை குளிர்ந்து கிடந்தது.
டைரக்டர் பெடியனிடம் சொல்லிவிட்டேன்: "தம்பி, அவன் பட்டதை எடுக்கிறீங்கள், சரி. எடுத்து முடிஞ்சதும் கதவைத் திறந்துவிட ஒரு ஆள் நிற்கவேணும்." நல்ல பிள்ளை, தலை குனிந்து கேட்டான். அடுத்த தரம் அவனே வந்து திறந்தான்.

ஜூன் 16
படத்தில் பெயர் போடுவார்களாம். அவன் பெயரா, கைதி என்றா? கேட்க மறந்துவிட்டேன்.

ஜூன் 17
பெயர்தான் போடுவார்களாம். முழுப்பெயர், அப்பாவின் பெயரோடு. அது சரியா என்று இரவு முழுக்க யோசிக்கிறேன். அவன் நித்திரை. நாளைக்குக் கடைசி நாள், ஐந்தரைக்கு ஓட்டோ வரும். நீலச் சட்டையைத் தோய்த்துப் போட்டிருக்கிறேன். இந்தக் காற்றுக்கு விடியக்குள் காய்ந்துவிடும்.