கல்வெட்டில் கிடக்கும் நாளும் எல். டி. சாமிக்கண்ணுப் பிள்ளையும்

"மேஷ நாயற்று பூர்வ பக்ஷத்து சப்தமியும் திங்கட்கிழமையும் பெற்ற புனர்பூசத்து நாள்." மேஷ நாயறு என்றால் சித்திரை மாதம், பூர்வ பக்ஷம் என்றால் வளர்பிறை. பிற்காலச் சோழ, பாண்டியக் கல்வெட்டுகளில் தேதி பெரும்பாலும் இந்த வாய்பாட்டில்தான் வரும். கூடவே மன்னன் பெயரும் ஆட்சியாண்டும் இருக்கும். சக ஆண்டு (மன்னன் மாறினாலும் தொடர்ந்து எண்ணப்படும் ஆண்டுக் கணக்கு) இருந்தால் அது நம் அதிர்ஷ்டம். இந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு ஆங்கிலத் தேதி வரை போக முடிகிறது என்றால், அதற்குப் பெரிய காரணம் சாமிக்கண்ணுப் பிள்ளை (1865–1925).

சென்னை மாகாண அரசுப் பணியில் இருந்தவர். கடைசியில் சட்ட மேலவையின் தலைவராகவும் ஆனார். ஆனால் அவர் பெயர் நிலைத்தது பஞ்சாங்கக் கணக்கால். 1911-இல் வந்த 'இந்தியன் குரோனாலஜி' கணக்கிடும் முறையைச் சொன்னது. 1922-இல் வந்த 'ஆன் இந்தியன் எஃபிமெரிஸ்' கி.பி. 700 முதல் 1799 வரை நாள்வாரியாகத் திதியையும் நட்சத்திரத்தையும் அச்சிட்டே கொடுத்துவிட்டது. 1100 ஆண்டு, ஏறக்குறைய 4 லட்சம் நாள். கணினி இல்லாத காலத்து வேலை இது.

அதைப் பார்க்கத் தெரிய வேண்டும். சூரிய உதயத்தில் எந்தத் திதி நடக்கிறதோ அதுதான் அன்றைய திதி. அது எப்போது முடிகிறது என்பதை உதயத்திலிருந்து நாளின் தசமப் பின்னமாகக் கொடுத்திருப்பார். .01 என்றால் 14.4 நிமிடம்; .50 என்றால் 30 நாழிகை, அதாவது ஏறக்குறைய அஸ்தமனம்.

ஆனால் புத்தகத்தைத் திறக்கும் முன்பே கல்வெட்டு வரியைச் சோதித்துவிட வேண்டும். பலர் விட்டுவிடும் படி இதுதான். மேஷத்தில் சூரியன் 0 முதல் 30 பாகைக்குள் இருக்கும். வளர்பிறை சப்தமியில் சந்திரன் சூரியனுக்கு 72 முதல் 84 பாகை முன்னால் நிற்கும். கூட்டினால் 72 முதல் 114 வரை: திருவாதிரை, புனர்பூசம், பூசம், ஆயில்யம். இந்த நான்கில் ஒன்றுதான் வர முடியும். கல்லில் 'அபர பக்ஷம்', அதாவது தேய்பிறை என்று வெட்டியிருந்தால், தேய்பிறை சப்தமிக்குச் சந்திரன் பூராடம், உத்திராடம், திருவோணம் பக்கம் இருக்க வேண்டும். புனர்பூசத்துக்கு இடமே இல்லை. அப்படியென்றால் கல்தச்சரோ ஓலை எழுதியவரோ பக்ஷத்தை மாற்றிவிட்டார் என்று அப்போதே தெரிந்துவிடும்.

வரி தேறினால், மன்னனின் உத்தேச காலத்துக்குள் ஒவ்வோர் ஆண்டின் மேஷ மாதத்தையும் பார்த்துக்கொண்டே போக வேண்டும். கிழமை ஏழில் ஒன்று பொருந்தும். நட்சத்திரம் அதில் பாதிக்கும் குறைவாகத்தான் பொருந்தும். ஆகவே சுமார் 15 முதல் 20 ஆண்டுக்கு ஒருமுறை இதே சேர்க்கை திரும்பி வரும். 50 ஆண்டு இடைவெளியில் மூன்று விடை கிடைத்தால் அதில் ஆச்சரியம் இல்லை. பிற்காலப் பாண்டியரில் ஒரே பெயரில் பல மன்னர்கள் இருப்பதால் அங்கே இது பெரும் தலைவலி. ஒரு கல்வெட்டு போதாது. அதே மன்னனின் நாலைந்து கல்வெட்டுகளின் ஆட்சியாண்டுகள் ஒரே முடிசூட்டுக் காலத்தைக் காட்ட வேண்டும்.

மாதத் தேதி கொடுத்திருந்தால் இன்னொரு வழுக்கல் உண்டு. சங்கராந்தி (சூரியன் அடுத்த ராசிக்குள் நுழையும் கணம்) அஸ்தமனத்துக்கு முன் நேர்ந்தால் அன்றே மாதப் பிறப்பு, பின்னால் நேர்ந்தால் மறுநாள். இது தமிழ்நாட்டு வழக்கம். மலையாள நாட்டில் பகலின் ஐந்தில் மூன்று பங்குதான் எல்லை. ஒருநாள் பிசகினால் முதலில் இதைத்தான் பார்க்க வேண்டும்.

இப்போதைய மென்பொருள்களில் இதைவிட ஆபத்தான ஒன்று இருக்கிறது. 1582-க்கு முந்தைய நாட்களை வரலாற்றாசிரியர்கள் ஜூலியன் முறையில் எழுதுவார்கள். பல செயலிகள் கிரிகோரியனில் காட்டும். 12, 13-ஆம் நூற்றாண்டுகளில் இரண்டுக்கும் வித்தியாசம் சரியாக 7 நாள். அதனால் கிழமை மாறாது, பிழை கண்ணில் படாது. திதியையும் சேர்த்துப் பார்த்தால்தான் ஒரு வாரம் தள்ளிப்போனது தெரியும்.

சிலப்பதிகாரத்துக்குச் சாமிக்கண்ணுப் பிள்ளை சொன்ன கி.பி. 756 பற்றி இன்றும் வாதம் நடக்கிறது. அடியார்க்கு நல்லார் உரை, கோவலனும் மாதவியும் புகாரில் கடலாடிய நாளை வைகாசி 28, வளர்பிறை பதின்மூன்றாம் பக்கம், சோமவாரம், அனுடம் என்கிறது. பிள்ளை இதற்கு 756 மே 17 என்று விடை கண்டார். கணக்கில் குறையில்லை: அந்த நாள் திங்கட்கிழமைதான், சந்திரனும் விசாகம் முடிந்து அனுடம் தொடங்கும் இடத்தில்தான் இருக்கிறது. ஆனால் குறிப்பிட்ட மாதத் தேதியில் குறிப்பிட்ட திதி 30-க்கு ஒருமுறை, கிழமை 7-க்கு ஒருமுறை. பெருக்கினால் ஏறத்தாழ 210 ஆண்டுக்கு ஒருமுறை இது அமையும். ஆயிரம் ஆண்டில் நாலைந்து இடம். அதோடு, மாதத் தேதியும் கிழமையும் காப்பியத்தின் அந்தப் பகுதியில் இல்லை, நூலுக்குப் பல நூற்றாண்டு பிந்திய உரையில்தான் உள்ளன. ஆகவே 756 என்பது உரைகாரர் தந்த நாளுக்கான ஒரு விடை. அதை இளங்கோவின் காலமாகக் கொள்ள எனக்கு மனம் ஒப்பவில்லை. பாண்டியர் கல்வெட்டுகளில் நாலைந்தைச் சேர்த்துப் பார்க்க முடிகிற வசதி இங்கே இல்லை.