ராஜா நடந்த 120 மீட்டர்

நவம்பரில் சியோல் போனால் தரையைப் பார்த்து நடங்கள். தலைக்கு மேலே ஜிங்கோ மரங்கள் மஞ்சளாகத் தகதகக்கும், எல்லாரும் அண்ணாந்து போட்டோ எடுப்பார்கள். அதே மரத்தின் பழம் கீழே விழுந்து நசுங்கிக் கிடக்கும். அந்த நாற்றத்தை எப்படிச் சொல்ல? கெட்டுப்போன வெண்ணெயை யாரோ செருப்பில் தடவிவிட்டமாதிரி. ஜொங்டொங் பகுதியைப் பற்றி நினைத்தால் இன்றைக்கும் எனக்கு முதலில் வருவது அந்த வாசனைதான்.

சியோலுக்குப் பக்கத்து ஊரான சுவோனில் வேலை பார்க்கும் தம்பியைப் பார்க்கப் போயிருந்தேன். மூன்று வருடமாக அங்கே இருக்கிறான்; ஆபீஸ், ரூம், தமிழ்ப் பையன்களோடு கிரிக்கெட், அவ்வளவுதான் அவனுடைய கொரியா. நகராட்சியே இலவசமாக நடத்தும் நடைச் சுற்றுலா இருக்கிறது என்று தேடிப்பிடித்து, இணையத்தில் முன்பதிவு செய்து, அவனையும் இழுத்துக்கொண்டு போனேன். சிட்டி ஹால் சுரங்க ரயில் நிலையத்தில் வாசல் எண்ணைத் தப்பாகப் பார்த்து வேறு பக்கம் ஏறிவிட்டோம். பெரிய ரோட்டைச் சுற்றி ஓடிவந்து சேரும்போது பத்து நிமிடம் தாமதம். வழிகாட்டி அறுபது வயதைத் தாண்டிய ஒரு பெண்மணி. தம்பி குனிந்து 'சொன்செங்நிம்' என்று மன்னிப்புக் கேட்டான். டீச்சர் என்று அர்த்தமாம். அதனால் எனக்கும் அவர் அன்றைக்கு முழுக்க டீச்சரம்மாதான்.

ஜொங்டொங் என்பது சியோலின் பழைய தூதரகப் பேட்டை. கொரியா வெகுகாலம் வெளியாருக்குக் கதவைச் சாத்தியே வைத்திருந்த நாடு. 1882-இல் அமெரிக்காவோடு ஒப்பந்தம் போட்டதும், முதல் அமெரிக்கத் தூதர் வந்து இங்கேதான் ஒரு வீட்டை வாங்கினார். பின்னாலேயே பிரிட்டன், ரஷ்யா, பிரான்ஸ் என்று வரிசையாக வந்து குடியேறினார்கள். தூதரகம் வந்தால் பாதிரியார் வருவார், பாதிரியார் வந்தால் பள்ளிக்கூடம் வரும். 1885-இல் பேஜே ஆண்கள் பள்ளி, 1886-இல் இஹ்வா பெண்கள் பள்ளி. இரண்டும் நாலு எட்டு தூரத்தில்.

முதலில் தொக்சுகுங் அரண்மனை. ஆயிரம் வோன் டிக்கெட். வாசலான தேஹன்முன் இப்போது இருக்கும் இடத்தில் முன்பு இல்லை. ரோட்டை அகலப்படுத்தினார்கள், வாசல் நடுரோட்டில் நின்றது, 1970-இல் அப்படியே பெயர்த்து உள்ளே தள்ளி வைத்துவிட்டார்கள். நம் ஊரில் ரோட்டோரப் பிள்ளையாருக்கு நடப்பது அங்கே அரண்மனைக்கே நடந்திருக்கிறது.

உள்ளே பெரிய பெரிய மண்டபங்கள் இருக்கின்றன. நான் நின்றது பின்பக்கத் தோட்டத்தில் மேட்டின் மேல் இருக்கும் ஜொங்குவான்ஹொன் என்ற சின்னக் கட்டடத்தில். சபாட்டின் என்ற ரஷ்யக் கட்டடக்காரர் வடிவமைத்தது. கூரை கொரியக் கூரை. கீழே ஐரோப்பியத் தூண்கள், சுற்றிலும் வராந்தா. வராந்தாவின் இரும்புக் கிராதியைக் கிட்டே போய்ப் பார்த்தால் மான், பைன் மரம், அப்புறம் வௌவால். 'வௌவாலா?' என்றேன். கொரியாவில் அது அதிர்ஷ்டச் சின்னமாம். மான் ஆயுளுக்கு, வௌவால் அதிர்ஷ்டத்துக்கு. மங்கிய தங்க நிறத்தில் சிறகை விரித்துக்கொண்டு அழகாகத்தான் இருக்கிறது. நம் வீட்டு வாசல் கிராதியில் யாராவது வௌவால் வைத்தால் மாமியார்கள் விடுவார்களா?

அன்றைய கொரிய அரசர் கோஜோங் இங்கே உட்கார்ந்து காபி குடிப்பார் என்பது எல்லா வழிகாட்டிகளும் சொல்லும் கதை. காபிப் பைத்தியம் அவருக்கு இருந்தது உண்மை. 1898-இல் அந்தக் காபியில்தான் அபினைக் கலந்து கொல்லப் பார்த்தார்கள். ருசி சரியில்லை என்று அரசர் தப்பித்துக்கொண்டார், குடித்துவிட்ட பட்டத்து இளவரசர்தான் அவதிப்பட்டார். கதையைக் கேட்ட தம்பி கையிலிருந்த காகிதக் கப்பை ஒரு தடவை முகர்ந்து பார்த்தான்.

அரண்மனையைவிட்டு வந்தால் கல்சுவர் ஓரமாக வளைந்து போகும் தெரு. சியோலிலேயே நடப்பதற்கு அழகான தெரு என்பார்கள், நானும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் காதலர்கள் சேர்ந்து நடந்தால் பிரிந்துவிடுவார்கள் என்று ஒரு நம்பிக்கை. காரணத்தை டீச்சரம்மா சிரித்துக்கொண்டே சொன்னார்: முன்பு விவாகரத்து வழக்கு நடந்த நீதிமன்றம் இந்தப் பக்கம்தான், சண்டை போட்ட ஜோடிகளெல்லாம் இந்தச் சுவர் ஓரமாகத்தான் போவார்கள். தம்பிக்குப் போன ஆடியில் பெண் பார்த்து, ஆவணியில் நிச்சயம் பண்ணியிருந்தோம். அந்த நேரம் பார்த்துப் போன் அடித்தது. எடுக்கவில்லை.

"அக்கா, இந்த ரோட்ல வீடியோ கால் பேசினா அது கணக்குல வருமா?"

"எதுக்குடா வம்பு, ரோடு முடியட்டும்" என்றேன். பகுத்தறிவெல்லாம் அடுத்தவர் கல்யாணத்துக்குத்தான்.

செங்கல் கட்டடமான மெதடிஸ்ட் தேவாலயத்தை, 1897-இல் கட்டியதாம், வேகமாகத் தாண்டினோம். இஹ்வா மாணவியாக இருந்து, ஜப்பான் ஆட்சிக்கு எதிரான 1919 மார்ச் போராட்டத்தில் கைதாகி, மறு வருடம் சிறையிலேயே இறந்துபோன யூ க்வான்சுன்னின் இறுதிச் சடங்கு இங்கேதான் நடந்தது. டீச்சரம்மா குரலைத் தாழ்த்திச் சொன்னார். அவரும் இஹ்வாவில் படித்தவராம்.

தேவாலயத்து எதிரில் நிற்கும்போதுதான் எந்த ஊர் என்று கேட்டார். தமிழ்நாடு என்றோம். உடனே, "அப்பா! ஓம்மா!" என்றார். கொரியா போகும் தமிழர் எல்லாருக்கும் இது நடக்கும். அவர்களுக்கும் அப்பா அப்பாதான், அம்மாவுக்கு 'ஓம்மா'. இதை வைத்து யூடியூபில் ஓட்டாத கதை கிடையாது என்பதால் நான் கொஞ்சம் சலித்துக்கொண்டேன். ஆனால் அவர் அங்கே நிற்கவில்லை. இந்த ஒற்றுமையை நூறு வருடத்துக்கு முன்னாலேயே ஒரு அமெரிக்கர் இலக்கணப் புத்தகமாகவே எழுதிவிட்டார் என்றார்.

அந்த அமெரிக்கர் ஹோமர் ஹல்பர்ட். அரசு இந்தப் பேட்டையில் தொடங்கிய ஆங்கிலப் பள்ளிக்கு 1886-இல் ஆசிரியராக வந்தவர். கொரிய மொழியையும் திராவிட மொழிகளையும் ஒப்பிட்டு அவர் எழுதிய நூல் 1905-இல் வந்தது. இரண்டும் ஒரே குடும்பம் என்பதை இன்றைக்கு மொழியியலாளர்கள் ஏற்பதில்லை. வினைச்சொல் கடைசியில் வருவது, வேற்றுமை உருபு ஒட்டிக்கொள்வது போன்ற அமைப்பு ஒற்றுமை உலகில் பல மொழிகளுக்கு உண்டு, ஜப்பான் மொழிக்கும் துருக்கி மொழிக்கும்கூட. சரி, தப்பான முடிவாகவே இருக்கட்டும். சியோலில் உட்கார்ந்துகொண்டு ஒரு மனிதர் தமிழ் வேற்றுமை உருபுகளோடு மல்லுக்கட்டியிருக்கிறார் என்பது எனக்குப் போதும்.

அதே 1905-இல் ஹல்பர்ட்டுக்கு இன்னொரு வேலையும் இருந்தது. அதற்கு முன்னால் ராஜா கதையைச் சொல்ல வேண்டும்.

1895 அக்டோபரில் ஜப்பான்காரர்கள் கியோங்போக்குங் அரண்மனைக்குள்ளேயே புகுந்து அரசியைக் கொன்றார்கள். கணவர் கோஜோங் அதே அரண்மனையில் கிட்டத்தட்டக் கைதி. உள்ளே நம்பி ஒரு வாய் சாப்பிட முடியாத நிலைமை. அடுத்த பிப்ரவரி 11, விடியற்காலை, அந்தப்புரப் பெண்கள் போகும் பல்லக்கில் அரசரும் இளவரசரும் ஒளிந்துகொண்டு வெளியேறினார்கள். முந்தைய நாட்களில் வேண்டுமென்றே பெண்கள் பல்லக்கைப் போகவர விட்டு, காவலர்களுக்கு அது பழகிப்போகும்படி செய்திருந்தார்களாம். பல்லக்கு நேராக வந்து நின்ற இடம், ஜொங்டொங் மேட்டில் இருந்த ரஷ்யத் தூதரகம். ஒரு நாட்டின் ராஜா, தன் தலைநகரத்திலேயே, அயல்நாட்டுத் தூதர் வீட்டில் ஒரு வருடம் குடியிருந்தார்.

1897 பிப்ரவரியில் வெளியே வந்தவர் பழைய அரண்மனைக்குத் திரும்பவில்லை. தூதரகங்களுக்கு நடுவில் இருக்கிற இந்தத் தொக்சுகுங்குக்கு வந்தார். அவ்வருட அக்டோபரில் தன்னைப் பேரரசர் என்று அறிவித்துக்கொண்டார். அவர் போட்ட கணக்கு நமக்குப் புரியாததல்ல. போலீஸ்காரர் வீட்டுக்குப் பக்கத்தில் குடியேறினால் திருடன் வரமாட்டான். இந்தப் பக்கம் அமெரிக்கா, அந்தப் பக்கம் பிரிட்டன், மேட்டில் ரஷ்யா. நாலு பேர் பார்க்கும் இடத்தில் யார் என்ன செய்துவிட முடியும்?

என்ன செய்தார்கள் என்பதற்கு ஜுங்மியோங்ஜொன் என்ற சிவப்புச் செங்கல் மாளிகைக்குப் போக வேண்டும். சந்துக்குள் ஒளிந்திருக்கும் இரண்டு மாடிக் கட்டடம், இதுவும் சபாட்டின் கைவண்ணம். முதலில் அரண்மனை நூலகம். செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனால் ஒரு அறையில் நீள மேஜை, அதைச் சுற்றி ஆள் உயரப் பொம்மைகள். 1905 நவம்பர் 17 இரவு. ஒரு பக்கம் ஜப்பான் அனுப்பிய தூதர் இட்டோ ஹிரோபூமி, மறுபக்கம் கொரிய அமைச்சர்கள். வெளியே ஜப்பானியப் படை. ஜப்பான் நீட்டிய ஒப்பந்தத்தில் அரசர் முத்திரை வைக்க மறுத்து, கூட்டத்துக்கே வரவில்லை. எட்டு அமைச்சர்களில் ஐந்து பேர் சம்மதித்தார்கள். அந்த ஐவரைக் கொரியர்கள் இன்றும் 'ஐந்து துரோகிகள்' என்றுதான் சொல்கிறார்கள். வெளிநாட்டு உறவு முழுவதும் ஜப்பான் கைக்குப் போனது. தூதரகங்களை நம்பி வந்து குடியேறிய ராஜாவிடமிருந்து முதலில் பிடுங்கப்பட்டது தூதர் அனுப்பும் உரிமை.

பொம்மைகள் கொஞ்சம் மிகையாகத்தான் இருந்தன. என் கண் ஜன்னல் பக்கம் போனது. பக்கத்து மதிலுக்கு அப்பால் அன்றைய அமெரிக்கத் தூதரகம், இன்று அமெரிக்கத் தூதர் வசிக்கும் வளாகம். இங்கிருந்து கத்தினால் அங்கே கேட்கும். அன்று ஹல்பர்ட் கோஜோங்கின் கடிதத்தைத் தூக்கிக்கொண்டு வாஷிங்டன் போயிருந்தார், காப்பாற்றச் சொல்லி. யாரும் முகம் கொடுக்கவில்லை. மேற்கு நாடுகளில் முதலில் ஒப்பந்தம் போட்ட அமெரிக்காதான் சியோலிலிருந்து முதலில் மூட்டையும் கட்டியது. ஹல்பர்ட் பிற்பாடு 1949-இல் திரும்பி வந்து, வந்த சில நாளிலேயே இறந்து, சியோலிலேயே புதைக்கப்பட்டார்.

பக்கத்திலேயே சொன்டாக் ஹோட்டல் இருந்த இடம். ரஷ்யத் தூதரோடு வந்த அன்டோய்னெட் சொன்டாக் என்ற பெண்மணி 1902-இல் தொடங்கி நடத்தியது. ஒப்பந்தம் போட வந்த இட்டோவும் தங்கியது இங்கேதான். இப்போது ஒரு கல் மட்டும் இருக்கிறது, பின்னால் பள்ளி மதில்.

எனக்கு அதைவிடப் பிடித்தது கனடா தூதரகத்தின் எதிரில் நிற்கும் மரம். ஐந்நூறு வயதைத் தாண்டிய பகோடா மரம். கிளைகளுக்கு முட்டுக் கொடுத்திருக்கிறார்கள், தண்டில் ஓட்டை அடைத்த தழும்பு. தூதரகத்தை அங்கே கட்டும்போது மரத்துக்குப் பங்கம் வராதபடி கட்டடத்தைத் திட்டமிட்டார்களாம். இத்தனை கொடிகள் ஏறி இறங்கியதையும் பார்த்தது அது ஒன்றுதான்.

மேட்டில் ரஷ்யத் தூதரகம். 1890-இல் கட்டியது, கொரியப் போரில் நொறுங்கியது, மிச்சம் ஒரே ஒரு வெள்ளைக் கோபுரம். கீழே சுரங்கப்பாதை ஒன்றை 1981-இல் கண்டுபிடித்திருக்கிறார்கள். கோபுரத்தடியில் இரண்டு ஆபீஸ்காரர்கள் சாண்ட்விச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

அங்கிருந்து இறங்குவதுதான் 'கோஜோங் பாதை'. நீளம் 120 மீட்டர், 2018-இல் திறந்தது. பழைய அமெரிக்க வரைபடத்தில் 'ராஜா பாதை' என்று குறித்திருந்ததை வைத்து மீட்டிருக்கிறார்கள். பல்லக்கில் தப்பிவந்த பாதை இதுதானா என்று கேட்டேன். டீச்சரம்மா தோளைக் குலுக்கினார். அன்று அரசர் வந்தது வடக்கே இருக்கும் கியோங்போக்குங்கிலிருந்து, ஆகவே இது ரஷ்யத் தூதரகத்துக்கும் இந்த அரண்மனைக்கும் இடையில் போகவர இருந்த வழி என்று சொன்னால் சண்டை வராது என்றார். இருபுறமும் ஆளைவிட உயரமான கல் மதில், ஒரு பக்கம் மதிலுக்கு மேல் கேமரா. நான் எண்ணிக்கொண்டே நடந்தேன். 174 எட்டு.

கீழே வந்து பிரிட்டிஷ் தூதரகத்தின் ஓரமாக வளைந்தோம். அரண்மனை மதிலைச் சுற்றி 1.1 கிலோமீட்டர் நடக்கலாம், ஆனால் அதில் 170 மீட்டரைத் தூதரகம் கதவு போட்டு 1959 முதல் அடைத்து வைத்திருந்தது. பேசிப் பேசி 2017-இல் 100 மீட்டர் கிடைத்தது. மீதி 70 மீட்டருக்கு வழி கிடைக்கவில்லை, அதனால் 2018-இல் அரண்மனைக்குள்ளேயே ஒரு நடைபாதை போட்டு இணைத்துவிட்டார்கள். ஆகவே அந்த இடத்தில் மட்டும் ரோட்டில் போகிறவர் ராஜா வீட்டுக்குள் புகுந்து, குனிந்து ஒரு சின்ன வாசலைத் தாண்டி, மறுபடி ரோட்டுக்கு வருகிறார். காசு கேட்பதில்லை.

டீச்சரம்மா அங்கேயே விடைபெற்றுக்கொண்டார். நாங்கள் மதிலோரமாகவே நடந்து, பஸ் ஓடும் பெரிய ரோட்டுக்கு வந்தோம். தம்பி ஒரு தடவை திரும்பிப் பார்த்து, கல்சுவர் முடிந்துவிட்டதா என்று உறுதி செய்துகொண்டான். அப்புறம் நடைபாதை விளிம்பில் ஷூவைத் தேய்த்து ஜிங்கோ பழத்தைச் சுரண்டிக்கொண்டே போனை எடுத்தான்.

"ஹலோ... இல்லம்மா, அப்ப எடுக்க முடியல. அக்காகூட ஒரு அரண்மனைக்கு வந்தேன்... சும்மாதான். இல்ல, ரொம்ப நல்ல ரோடு. நீ வந்தா வேற ரோடு காட்டறேன்."