கூலன்ட் எங்கே போகிறது? ஒரு எல்போ குழாய் மாற்றிய நாட்குறிப்பு

19 ஏப்ரல் 2025, சனி

ரிசர்வ் பாட்டிலில் கூலன்ட், அதாவது இஞ்சினைக் குளிர்விக்கும் திரவம், 'ஃபுல்' கோட்டில் நிற்கிறது. ரேடியேட்டர் மூடியைத் திறந்து விரலை விட்டால் நுனிகூட நனையவில்லை. போன மாதம் ஆயில் மாற்றியபோது கழுத்து விளிம்பு வரை நிறைத்துத்தான் மூடினேன்.

வண்டி 2012 மாடல், 1.2 லிட்டர் பெட்ரோல் ஹாட்ச்பேக். இந்த வகையில் மூடி ரேடியேட்டரின் தலையிலேயே இருக்கும். இஞ்சின் சூடேறும்போது கூலன்ட் விரிந்து, மூடியின் ஸ்பிரிங்கைத் தள்ளிக்கொண்டு பாட்டிலுக்குப் போகும். ஆறும்போது உள்ளே வெற்றிடம் உண்டாகி, போன கூலன்ட் திரும்ப உறிஞ்சப்படும். எங்கேயாவது கசிவு இருந்துவிட்டால் கணக்கு மாறிவிடுகிறது: ஆறும்போது பாட்டிலிலிருந்து இழுப்பதைவிட கசிகிற இடம் வழியாகக் காற்றை இழுப்பது சுலபம். பாட்டில் நிறைந்தே இருக்கும், ரேடியேட்டர் காலியாகிக்கொண்டே வரும். பாட்டிலை மட்டும் எட்டிப் பார்த்துவிட்டு பானட்டை மூடுகிறவருக்கு இது தெரிய வழியே இல்லை.

அரை லிட்டருக்கு மேல் பிடித்தது. மீட்டரில் டெம்பரேச்சர் முள் எப்போதும்போல நடுவில்தான் நிற்கிறது, ஆனால் அதை நான் பெரிதாக மதிப்பதில்லை. பல கார்களில் சாதாரண ஓட்டத்தின் ஏற்ற இறக்கம் எதையும் காட்டாமல் முள் நடுவிலேயே நிற்கும்படிதான் அமைத்திருக்கிறார்கள். போதாக்குறைக்கு, கூலன்ட் மட்டம் சென்சாருக்குக் கீழே இறங்கிவிட்டால் சென்சார் அளப்பது காற்றின் சூட்டை. இஞ்சின் வெந்துகொண்டிருக்கும், முள் சாதுவாக நிற்கும்.

மே கடைசியில் குடும்பத்தோடு ஏற்காடு போவதாகப் பேச்சு. அதற்குள் இதை முடித்தாக வேண்டும்.

22 ஏப்ரல், செவ்வாய்

ராத்திரி காருக்கு அடியில் ஃபிரிட்ஜ் வந்த அட்டைப்பெட்டியைப் பிரித்து விரித்தேன். சென்னைக் கோடையில் காருக்கு அடியில் தண்ணீர் கிடப்பதை யாரும் கவனிப்பதில்லை. ஏசி போட்டால் சொட்டத்தான் செய்யும். அந்தத் தண்ணீர் நிறமில்லாதது, மணமில்லாதது, முன் இடது சீட்டுக்கு நேர் கீழே, டேஷ்போர்டுக்குப் பின்னாலிருந்து வரும் குழாயில் விழும். காய்ந்தால் சுவடு இருக்காது.

காலையில் அட்டையில் ஏசி ஈரம் காய்ந்து போயிருந்தது. அது தவிர கியர்பாக்ஸுக்கு நேர் கீழே பச்சையாக ஒரு சின்னப் பொட்டு. தொட்டால் பிசுபிசுப்பு, லேசான இனிப்பு வாடை. கூலன்ட்தான்.

வண்டி ஓடிக்கொண்டிருக்கும்போது ஒன்றுமே சொட்டவில்லை. அதிலும் ஆச்சரியமில்லை. சூடான இரும்பில் விழும் துளி தரைக்கு வருமுன் ஆவியாகிவிடும். இஞ்சின் ஆறும்போது அலுமினியம் ஒரு அளவு சுருங்கும், பிளாஸ்டிக் வேறு அளவு, ரப்பர் இன்னொரு அளவு. அந்த நேரத்தில்தான் இடுக்கு திறக்கும்.

24 ஏப்ரல், வியாழன்

தெருமுனை மெக்கானிக்கிடம் காட்டினேன். ஆபீஸ் போகிற அவசரம், ஐந்து நிமிடப் பேச்சு.

"வாட்டர் பம்ப் போயிருக்கும் சார். மாத்திட்டா முடிஞ்சுது."

"பம்ப் பெல்ட் பக்கம்ல இருக்கு அண்ணே? ஈரம் கியர்பாக்ஸ் பக்கம்."

கொஞ்சம் யோசித்துவிட்டு, "அப்ப ஹெட் கேஸ்கட்டா இருக்கும்" என்றார். நல்லவர், கைவேலைக்காரர், ஆனால் நோயைவிட மருந்தில் ஆர்வம் அதிகம். ஹெட் கேஸ்கட் என்பது இஞ்சின் பிளாக்குக்கும் மேலே உள்ள சிலிண்டர் ஹெட்டுக்கும் நடுவிலுள்ள அடைப்புத் தகடு. அது போனதன் அடையாளம் எதுவும் தெரியவில்லை: ஆயில் மூடியின் அடியில் மோர் மாதிரி வெளுப்பு இல்லை, ரேடியேட்டரில் குமிழி வரவில்லை, சைலன்சரில் வெள்ளைப் புகை இல்லை. கேஸ்கட்டை இப்போதைக்குத் தொடவேண்டியதில்லை.

கிளம்பும்போது, "எதுக்கும் அந்த தெர்மோஸ்டாட் வால்வைக் கழட்டிப் போட்ருங்க சார், நம்ம ஊரு வெயிலுக்கு அது எதுக்கு?" என்றார். இதைச் சொல்லாத மெக்கானிக்கை நான் இன்னும் பார்க்கவில்லை. வால்வு 82 டிகிரியில் திறக்கத் தொடங்கும். அதுவரை கூலன்ட்டை ரேடியேட்டருக்கு விடாமல் இஞ்சினுக்குள்ளேயே சுற்றவிடும். அதைக் கழற்றினால் இஞ்சின் வேலைச்சூட்டுக்கு வர நேரமாகும். இஞ்சின் இன்னும் குளிர்ந்திருக்கிறது என்று நினைத்து கம்ப்யூட்டர் பெட்ரோலைக் கூட்டி ஊற்றிக்கொண்டிருக்கும். மைலேஜ் அடிவாங்கும். கசிவு அப்படியேதான் இருக்கும்.

பக்கத்தில் நின்ற டாக்ஸி டிரைவர் ரேடியேட்டரில் மஞ்சள் தூள் போடச் சொன்னார். நடு ரோட்டில் மாட்டிக்கொண்ட பழைய லாரிக்கு அது கைகொடுத்திருக்கலாம். இந்தக் காரின் ஹீட்டர் கோரில், அதாவது உள்ளே சூடான காற்று தரும் குட்டி ரேடியேட்டரில், இருக்கும் மெல்லிய குழாய்களுக்கு அது எமன்.

26 ஏப்ரல், சனி

அதே மெக்கானிக்கிடம் பிரஷர் டெஸ்டரை இரவல் வாங்கினேன். கைப்பம்பு, ஒரு மீட்டர், ரேடியேட்டர் கழுத்தில் மாட்ட ஒரு அடாப்டர். அவரிடம் பெட்டி பிரிக்காத மாதிரியே இருந்தது.

இஞ்சின் முழுக்க ஆறியிருக்கும்போதுதான் இதைச் செய்ய வேண்டும். சூடான ரேடியேட்டரில் மூடியைத் திறந்தால், அழுத்தத்தால் கொதிக்காமல் அடங்கிக் கிடக்கும் கூலன்ட் ஒரே நொடியில் நீராவியாகி முகத்தில் அடிக்கும். மேல் ஹோஸைக் கையால் அமுக்கிப் பார்த்து, விறைப்பில்லாமல் அமுங்கினால் மட்டும் மூடியில் கை வைக்கலாம்.

மூடியில் 1.1 என்று அச்சிட்டிருந்தது. அந்த அளவு, அதாவது சதுர சென்டிமீட்டருக்கு 1.1 கிலோ வரை அடித்தேன். அதைத் தாண்டக் கூடாது, நல்ல பாகத்தையும் உடைத்துவிடும். முள் மெல்ல மெல்ல இறங்கியது. டார்ச்சும், பல் டாக்டர் வைத்திருப்பது போன்ற சின்னக் கண்ணாடியும் எடுத்துக்கொண்டு தேடினேன்.

கியர்பாக்ஸ் மேல் பச்சையும் வெள்ளையுமாகப் பொருக்கு. அங்கே கசிய ஒன்றுமில்லை, மேலிருந்து வழிந்து வந்தது. சுவட்டைப் பிடித்துக்கொண்டு மேலே போனால் சிலிண்டர் ஹெட்டின் ஓரம், அங்கிருந்து இன்னும் மேலே, ஏர் ஃபில்டர் பெட்டிக்கு அடியில் ஒளிந்திருக்கும் கறுப்பு பிளாஸ்டிக் எல்போ. ஹெட்டிலிருந்து சூடான கூலன்ட் வெளியே வரும் வாசல் அது. ஒரு கிளை மேல் ரேடியேட்டர் ஹோஸுக்கு, ஒரு கிளை ஹீட்டருக்கு, நடுவில் டெம்பரேச்சர் சென்சார். கண்ணாடியைத் திருப்பிப் பார்த்தபோது ஹீட்டர் கிளை புறப்படும் மூலையில், அச்சில் வார்த்த கோடு ஓடும் இடத்தில், தலைமுடி அளவு விரிசல். அதில் பச்சை முத்து ஒன்று திரண்டு, உடைந்து, திரும்பத் திரண்டது.

மூடியையும் டெஸ்டரில் மாட்டிப் பார்த்தேன். பிடித்து நின்றது.

27 ஏப்ரல், ஞாயிறு

தம்பி வந்தான். எம்-சீல் பசை வைத்து அடைத்துவிடலாமே என்றான். வேண்டாம். 90 டிகிரிச் சூடு, அழுத்தம், அதிர்வு எல்லாம் சேரும் இடம். ஒட்டினாலும் பக்கத்தில் இன்னொரு விரிசல் விழும். பிளாஸ்டிக்கே மடிந்துவிட்டது.

இந்தப் பாகங்கள் பெரும்பாலும் கண்ணாடி இழை கலந்த நைலான். உடம்பிலேயே PA66-GF30 என்று அச்சில் இருக்கும், ஆங்கில எழுத்தில்: நைலான் 66, அதில் 30 சதவீதம் கண்ணாடி இழை. உறுதியானதுதான், ஆனால் சூடான தண்ணீரும் கூலன்ட்டில் உள்ள கிளைக்கால் என்ற ரசாயனமும் ஆண்டுக்கணக்கில் நைலானின் நீண்ட மூலக்கூறுச் சங்கிலிகளை வெட்டிக்கொண்டே இருக்கும். பத்துப் பன்னிரண்டு வருடத்தில் வளைந்து கொடுக்கும் குணம் போய், முறுக்கு மாதிரி நொறுங்கும்.

30 ஏப்ரல், புதன்

மதியம் லீவு போட்டு ஜி.பி. ரோடு. அண்ணா சாலையிலிருந்து திரும்பி உள்ளே நுழைந்தால் இரண்டு பக்கமும் ஸ்பேர் பார்ட்ஸ் கடைகள். பழைய பாகம் வேண்டுமென்றால் புதுப்பேட்டை, புதிது என்றால் இங்கே. கழற்றிய வண்டியின் எல்போ பழையதாக வாங்கி மாட்டுவதில் அர்த்தமில்லை. அதுவும் இதே வயதில்தான் இருக்கும்.

"ஒரிஜினலா, லோக்கலா சார்?"

இரண்டையும் எடுத்துப் போடச் சொன்னேன். லோக்கலின் விலை பாதிக்கும் கீழே. கையில் எடுத்தால் எடை குறைவு, போல்ட் துளைகளில் உலோக வளையம் இல்லை. அந்த வளையம் இல்லாவிட்டால் போல்ட்டின் இறுக்கம் நேராக பிளாஸ்டிக் மேல் விழும். சூட்டில் பிளாஸ்டிக் தழைந்துகொடுக்கும், போல்ட் தானாகத் தளர்ந்ததுபோல் ஆகும். ஒரிஜினலையே வாங்கினேன். கூடவே இடுக்கை அடைக்கும் ரப்பர் வளையமான ஓ-ரிங், சென்சாருக்கு வாஷர், இரண்டு ஹீட்டர் ஹோஸ், ஸ்பிரிங் கிளிப்புகள்.

கிளிப் விஷயத்தில் கடைக்காரரோடு சின்ன வாக்குவாதம். ஸ்க்ரூ வைத்த கிளிப்தான் இறுக்கமாகப் பிடிக்கும் என்றார். இறுக்கும் அன்று பிடிக்கும், சரி. ஆனால் ரப்பர் சூட்டில் விரிந்து ஆறியதும் சுருங்கும்போது ஸ்பிரிங் கிளிப் கூடவே சுருங்கும், ஸ்க்ரூ கிளிப் நின்ற இடத்திலேயே நிற்கும். புது பிளாஸ்டிக் கழுத்தை ஸ்க்ரூ கிளிப்பால் நெரித்து உடைப்பவர்களும் உண்டு.

3 மே, சனி

காலை ஆறு மணிக்கே ஆரம்பித்துவிட்டேன், வெயிலுக்கு முன் முடிக்க. தம்பி கூட இருந்தான்.

ரேடியேட்டரின் அடி பிளக்கைத் திறந்து பாதிக் கூலன்ட்டை பிளாஸ்டிக் டப்பில் பிடித்தோம். டப்பைத் தெருவில் விடாதே என்று முதலிலேயே சொல்லிவிட்டேன். எத்திலீன் கிளைக்கால் இனிக்கும், நாயும் பூனையும் நக்கிக் குடித்தால் சிறுநீரகம் போய்ச் செத்துவிடும். எங்கள் தெருவில் நாய்களுக்குக் குறைவில்லை. மூடி போட்ட கேனில் ஊற்றி வைத்தாயிற்று.

ஏர் ஃபில்டர் பெட்டியைக் கழற்றினால்தான் கை போகிறது. பழைய ஹோஸ்கள் எல்போவோடு ஒட்டிக்கொண்டிருந்தன. ஸ்க்ரூடிரைவரை உள்ளே விட்டு நெம்புவதுதான் வழக்கம், அப்படிச் செய்தால் கழுத்தில் கீறல் விழும். எல்போவும் ஹீட்டர் ஹோஸும் எப்படியும் குப்பைக்குத்தான் என்பதால் அந்த ஹோஸ்களை நீளவாக்கில் கத்தியால் கீறி உரித்தேன். மேல் ரேடியேட்டர் ஹோஸ் நன்றாக இருந்தது, அதை மட்டும் பிளையரால் மெதுவாக இடமும் வலமும் திருகி விடுவித்தேன்.

எல்போவைப் பிடிப்பது 10 எம்.எம். ஸ்பேனர் போல்ட்டுகள். அலுமினிய ஹெட், அதனால் வேகம் காட்டக் கூடாது. கொஞ்சம் தளர்த்தி, திரும்ப இறுக்கி, மறுபடி தளர்த்தி எடுத்தேன். கடைசி போல்ட் கிறீச்சென்று சத்தம் போட்டபோது தம்பி மூச்சைப் பிடித்துக்கொண்டான். வந்துவிட்டது.

எல்போ கைக்கு வந்ததும் ஹீட்டர் கிளை தனியாகக் கழன்று தம்பி கையில் போனது! இவ்வளவு நாள் அதை ஹோஸ்தான் பிடித்துக்கொண்டிருந்தது போலிருக்கிறது. உள்பக்கம் அச்சில் ஒரு சின்னக் கடிகார முத்திரை: நடுவில் 12, அம்பு மாதத்தைக் காட்டுகிறது. வண்டியோடு ஆலையிலிருந்து வந்த அதே பாகம். ஓ-ரிங்கின் உருண்டை வடிவம் போய், தட்டையாக, நகத்தால் அமுக்கினால் திரும்பாத அளவுக்கு இறுகியிருந்தது. விரிசல் விழாவிட்டாலும் இன்னும் கொஞ்ச நாளில் அது கசிந்திருக்கும்.

ஹெட்டின் முகத்தில் வெள்ளைப் படிவு. போர்வெல் தண்ணீர் ஊற்றியதன் அடையாளம், முந்தைய உரிமையாளர் காலத்துக் கைங்கரியம். உப்புத்தாள் போட்டால் அலுமினியத்தில் கோடு விழும், பிளாஸ்டிக் சுரண்டியால் எடுத்து, துணியில் துடைத்தேன்.

தம்பி அனபாண்ட் என்ற அடைப்புப் பசை ட்யூபோடு தயாராக நின்றான். ஓ-ரிங் இருக்கும் இடத்தில் அது வேண்டாம். ஓ-ரிங் பள்ளத்தில் உருண்டு அமுங்கித்தான் அடைக்கும், பசை அதற்குத் தடை. தவிர, பிதுங்கி உள்ளே விழும் துணுக்கு ரேடியேட்டர் குழாயில் போய் உட்காரும். கிரீஸும் கூடாது. கூலன்ட்டுக்கான ஓ-ரிங் இ.பி.டி.எம். என்ற வகை ரப்பர், பெட்ரோலியம் கிரீஸ் பட்டால் ஊதிப்போகும். புதுக் கூலன்ட்டில் நனைத்துப் பள்ளத்தில் உட்காரவைத்தேன். போல்ட்டுகளைக் கையால் திருகி, மாற்றி மாற்றிக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்கி, இறுக்கத்தை அளந்து காட்டும் டார்க் ரெஞ்சில் 10 நியூட்டன் மீட்டர்.

டெஸ்டரை மாட்டி 1.1 வரை அடித்துவிட்டு டீ குடிக்கப் போனோம். திரும்பி வந்தபோது முள் அசையவில்லை.

4 மே, ஞாயிறு

அக்னி நட்சத்திரம் இன்று ஆரம்பம். நான் காருக்குள் ஹீட்டரை முழுச்சூட்டில் வைத்து உட்கார்ந்திருந்தேன். மனைவி பால்கனியிலிருந்து பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் உள்ளே போய்விட்டாள்.

புதுக் கூலன்ட் ஊற்றும்போது உள்ளே சிக்கும் காற்று வெளியேற வேறு வழியில்லை. ஹீட்டர் பக்கம் காற்று தங்கினால் டேஷ்போர்டுக்குள் களகளவென்று சத்தம் வரும், ஹீட்டரில் குளிர்காற்று வரும். வண்டியின் மூக்கை வாசல் சரிவில் ஏற்றி நிறுத்தி, மெதுவாக ஊற்றி, மேல் ஹோஸை அமுக்கி அமுக்கி விட்டேன். மூடியைத் திறந்து வைத்தே ஸ்டார்ட் செய்து, குமிழிகள் அடங்கியதும் மூடினேன். வால்வு திறந்ததும் கீழ் ஹோஸ் சட்டென்று சூடானது. ஃபேன் ஓடி நின்று திரும்ப ஓடும் வரை ஐட்லிங்.

ஊற்றியது அடர் கூலன்ட்டும் டிஸ்டில்டு வாட்டரும் பாதிக்குப் பாதி. பனி விழாத ஊரில் கூலன்ட் எதற்கு, வெறும் தண்ணீர் போதாதா என்ற கேள்வி ஓயாது. வெறும் தண்ணீர் 1.1 கிலோ அழுத்தத்தில் சுமார் 121 டிகிரியில் கொதிக்கும், பாதிக்குப் பாதி கலவை 130-க்குப் பக்கம் போகும். அதைவிட முக்கியம், அலுமினியத்தையும் பம்பில் சுழலும் இம்பெல்லரையும் அரிக்காமல் காக்கும் மருந்து கூலன்ட்டில்தான் இருக்கிறது. நிறம் வெறும் சாயம். பச்சையோடு பச்சை சேரும் என்று நம்பிக் கலக்காமல் கேனின் பின்பக்கத்தைப் படிப்பது நல்லது.

11 மே, ஞாயிறு

வாரம் முழுக்க ஆபீஸ் ஓட்டம். அட்டையில் ஏசி தண்ணீர் மட்டும். முதல் நாள் காலை ரேடியேட்டரில் ஒரு டம்ளர் அளவு பிடித்தது, மீதிக் காற்று வெளியேறியிருக்கிறது. அப்புறம் குறையவில்லை. இப்போது பாட்டில் மட்டம் சூட்டில் ஏறி, காலையில் இறங்குகிறது. உறிஞ்சல் வேலை செய்கிறது.

25 மே, ஞாயிறு

சேலத்திலிருந்து ஏற்காடு, 20 கொண்டை ஊசி வளைவுகள், ஐந்து பேர், டிக்கி நிறையப் பை. காரின் கம்ப்யூட்டர் அளவுகளைப் படிக்கும் ஓ.பி.டி. கருவியை மாட்டி ஃபோனில் பார்த்துக்கொண்டே தம்பி கூலன்ட்டின் சூட்டைச் சொன்னான்: 88, 91, 94. முன்னால் ஒரு பஸ் இரண்டாம் கியரில் உருட்டிக்கொண்டு போனபோது 98 வரை ஏறியது, ஃபேன் ஓடி இறங்கியது. மீட்டர் முள் இந்த நேரம் முழுக்க ஒரு மயிரிழைகூட நகரவில்லை.

வழியில் ஒரு கார் பானட்டைத் தூக்கிக்கொண்டு நின்றது. ஓட்டியவர் தண்ணீர் பாட்டிலோடு மூடியில் கை வைக்கப் போனார். நிறுத்தி, அரை மணி பொறுக்கச் சொல்லிவிட்டு வந்தேன். மிச்சமிருந்த ஒரு லிட்டர் டிஸ்டில்டு வாட்டர் கேனையும் கொடுத்தாயிற்று.

கீழ் ரேடியேட்டர் ஹோஸின் ஒரு முனை லேசாக உப்பியிருப்பதை மேலே வந்ததும் பார்த்தேன். கசிவில்லை, ஆனால் மழைக்கு முன் மாற்றிவிட வேண்டும். வாட்டர் பம்பின் வீப் ஹோல், அதாவது பம்பின் சீல் கசிந்தால் காட்டிக்கொடுக்கும் சின்னத் துளை, காய்ந்துதான் இருக்கிறது.