மாடிப்படியும் முன்சீப் கோர்ட்டும்

5 ஜூன் 2017, திங்கள்
கும்பகோணம் பெரிய கடைத் தெருவில் எங்களுக்குச் சொந்தமான கடையைக் காலி செய்ய மாட்டேன் என்று வாடகைக்கு இருக்கும் அண்ணாச்சி சொல்லிவிட்டார். “உங்க அப்பா கையால சாவி வாங்குனேன் தம்பி. இந்த வயசுல மளிகையத் தூக்கிட்டு எங்க போவேன்?” 1988-ல் வந்தவர். என் மகளின் தையல் கடையோ இரண்டு தெரு தள்ளி, வாடகை மாடியில். பிளவுஸ் கொடுக்க வருகிறவர்களில் பாதிப் பேர் முட்டிவலிக்காரர்கள். வாசலில் நின்று “அம்மாடி, இறங்கி வந்து அளவெடு” என்கிறார்கள். அவளுக்காகத்தான் கடையைக் கேட்டேன்.

19 ஜூன், திங்கள்
வக்கீலைப் பார்த்தேன். 1960-ஆம் வருட வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம், சொந்தத் தேவைக்குக் கடையைத் திரும்பக் கேட்கும் பிரிவு பத்து-மூணு-ஏ-மூணு என்று மந்திரம் மாதிரி சொல்கிறார். மகளும் குடும்பத்தில் சேர்த்தியாம். ஆனால் அவள் தொழிலை இப்போதே நடத்திக்கொண்டிருக்க வேண்டும். அதை இதே ஊரில் எங்களுக்குச் சொந்தமான வேறு கட்டடத்தில் நடத்தக் கூடாது. “நாளைக்கு ஆரம்பிக்கப் போறோம்னா கோர்ட் கேக்காது சார். லைசென்ஸ், வாடகை ரசீது, கரண்ட் பில், எல்லாம் எடுத்துட்டு வாங்க.” மனுவுக்கு முன்னால் காலி செய்யச் சொல்லும் நோட்டீஸ்கூடத் தேவையில்லையாம். நம்மூர் வழக்கு ஒன்றில், தனபால் செட்டியார் வழக்காம், 1979-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இருந்தாலும் மரியாதைக்கு ஒன்று அனுப்புகிறார்.

6 ஜூலை, வியாழன்
அண்ணாச்சி வழக்கம்போல் வாடகை கொண்டுவந்தார். வீம்பில் வாங்க மறுத்துவிட்டேன். வக்கீல் போனில் பிடித்துக்கொண்டார். வாங்காவிட்டால் அண்ணாச்சி பாங்க் பெயர் கேட்டு நோட்டீஸ் விடுவார், பிறகு மணியார்டர், அதையும் திருப்பினால் கோர்ட்டிலேயே கட்டிவிடுவார். “அவர் ஒழுங்கானவர்னு நீங்களே சாட்சி உண்டாக்கித் தர்றீங்க.” சாயங்காலம் நானே போய் வாங்கி வந்தேன். டீ வாங்கிக் கொடுத்தார். குடித்தேன்.

14 மார்ச் 2018, புதன்
முன்சீப் கோர்ட். ஐந்து வாய்தாவுக்குப் பிறகு இன்று குறுக்கு விசாரணை.
“2015-ல் வாடகையை ஏற்றிக் கேட்டுக் கடிதம் எழுதினீர்களா?”
“எழுதினேன்.”
“கொடுத்திருந்தால் இந்த மனுவே வந்திருக்காது, சரிதானே?”
“அப்போ என் பொண்ணு கடை ஆரம்பிக்கலைங்க.”
உண்மைதான், அவள் தொடங்கியது 2016-ல். ஆனாலும் அண்ணாச்சி பக்கம் திரும்ப முடியவில்லை. அந்தக் கடிதத்தைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு வைத்திருந்திருக்கிறார் மனுஷன்.

22 நவம்பர் 2018, வியாழன்
கோயம்புத்தூரிலிருந்து ஒரு வரன். நல்ல இடம். என் மனைவிக்குக் கால் தரையில் இல்லை. நானோ முதலில் வக்கீலுக்குத்தான் போன் போட்டேன். “மனு போட்ட அன்னிக்கு மட்டும் தேவை இருந்தாப் பத்தாது சார். பொண்ணு ஊரை விட்டுப் போயிட்டா எதிர்த்தரப்பு அதைத்தான் முதல்ல சொல்லும்.” தரகரிடம் “தை பிறக்கட்டும்” என்றேன். ஜாதகமும் போட்டோவும் கேஸ் கட்டுக்குள் இருக்கின்றன. வீட்டில், அவர்கள் பேச்சே எடுக்கவில்லை என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

23 பிப்ரவரி 2019, சனி
நேற்று முதல் புது வாடகைச் சட்டம் அமலாம். நம் மனு செல்லாது என்று டீக்கடையில் ஒருவர் அடித்துச் சொன்னார். நிலுவை வழக்கு பழைய சட்டப்படியே நடக்கும் என்கிறார் வக்கீல். புதியதில் ஒப்பந்தம் எழுத்தில் இருந்தாக வேண்டுமாம். அப்பாவுக்கும் அண்ணாச்சிக்கும் வாய்ப்பேச்சு மட்டும்தான்.

10 ஜூலை, புதன்
தீர்ப்பு எங்களுக்குச் சாதகம். வாடகை ஏற்றிக் கேட்டதாலேயே தேவை பொய்யாகிவிடாது என்று எழுதியிருக்கிறார்கள். காலி செய்ய மூன்று மாத அவகாசம். கைக்கு வந்து ஒரு மாதத்துக்குள் நாங்கள் குடியேறாவிட்டால், அல்லது ஆறு மாதத்துக்குள் தக்க காரணமில்லாமல் விட்டுப் போனால், அவர் திரும்பக் கேட்கலாம் என்று வக்கீல் எச்சரித்தார். வராந்தாவில் அண்ணாச்சி, “அப்பீல் போடுறேன் தம்பி, தப்பா நினைக்காதீங்க” என்றார். பதினைந்து நாள் கெடு.

4 ஆகஸ்ட், ஞாயிறு
அப்பீல் போட்டாயிற்று. அந்தக் கோயம்புத்தூர் பையனுக்கு இன்னும் அமையவில்லையாம். தரகர் மறுபடி கூப்பிட்டார். “அப்பீல் முடியட்டும்” என்றேன். பின்னால் தையல் மிஷின் சத்தம் நின்றது. ஞாயிற்றுக்கிழமை வீட்டில்தான் தைப்பாள், மறந்துபோனேன்.
“எந்த வரன்பா?”
சொன்னேன்.
“எனக்கு போட்டோவே காட்டலையே?”
கேஸ் கட்டைப் பிரித்து எடுத்துக் கொடுத்தேன். கட்டு நூல் அழுந்திய தடம் போட்டோவின் குறுக்கே விழுந்திருந்தது. அதை விரலால் நீவிக்கொண்டே உள்ளே எடுத்துப் போனாள்.