சலிம் என்றால் இரண்டு அர்த்தம்

"நிலத்தை எங்கே அனுப்பி வைத்தீர்கள்?" என்று மாமா கேட்டார். கேட்டுவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார்.

முதலில் இந்த மாமா யார் என்று சொல்லிவிடுகிறேன். அவர் ஒரு பெண்மணி. பப்புவா நியூ கினியில் பரவலாகப் பேசும் டோக் பிசின் மொழியில் அம்மாவுக்குத்தான் மாமா என்று பெயர், வயதில் மூத்த எந்தப் பெண்ணையும் அப்படிக் கூப்பிடலாம். வந்த புதிதில் அந்த வார்த்தையைச் சொல்லும்போதெல்லாம் மடித்துக் கட்டிய வேட்டியோடு சைக்கிளை மிதித்துக்கொண்டு என் அம்மாவின் தம்பி மனசுக்குள் வந்துவிடுவார், எனக்குச் சிரிப்பை அடக்க முடியாது. இப்போது ஆறு வருடம் ஆகிவிட்டது, நன்றாகவே பழகிவிட்டது. ஆனாலும் மழை நாளில் "மாமா" என்று கூப்பிட்டால் சைக்கிள் மணிச் சத்தம் கேட்கத்தான் செய்கிறது.

நாங்கள் இருப்பது லே என்ற துறைமுக நகரம். வருடத்துக்கு 4,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை பெய்யும், நம் தஞ்சாவூர்ப் பக்கம் பெய்வதைப்போல நாலு மடங்கு. எங்கள் காம்பவுண்டு கேட்டுக்கு வெளியே ஒரு கிழிந்த குடைக்கு அடியில் மாமா கடை போட்டிருப்பார். கடை என்றால் ஒரு பலகை, அதன்மேல் வரிசையாகப் பச்சைப் பாக்கு. அதைப் புவாய் என்கிறார்கள். முதல் வாரம் பாக்கைப் பார்த்த சந்தோஷத்தில் ஓடிப்போய், வெற்றிலை எங்கே என்று கையால் இலை மாதிரி காட்டிக் கேட்டேன். விரல் நீளத்தில் ஒரு பச்சைக் காயை எடுத்துக் கொடுத்தார். அதுவும் வெற்றிலைக் கொடியில் காய்ப்பதுதானாம், பெயர் டாக்கா. இலையைத் தொடுவதில்லை. பாக்கைப் பல்லாலேயே உரித்து மென்று, டாக்காவைச் சுண்ணாம்புத் தூளில் தொட்டு ஒரு கடி கடிக்கிறார்கள், அவ்வளவுதான். எங்கள் அப்பாயி பார்த்திருந்தால் என்ன சொல்லியிருக்குமோ. வெற்றிலையைத் துடைத்து, காம்பு கிள்ளி, பின்பக்கம் நகத்தால் சுண்ணாம்பு தடவி, பாக்குவெட்டியில் சீவிய சீவலை வைத்து மடிப்பதற்கு அதற்குக் கால் மணி நேரம் வேண்டும். வாயில் போட்ட பிறகுதான் பேச்சே தொடங்கும்.

சரி, அந்த மழை நாளுக்கு வருகிறேன். நான் பள்ளிக்கூடத்திலிருந்து வந்து, மழை கொஞ்சம் விடட்டும் என்று மாமாவின் குடைக்குள் ஒதுங்கினேன். "உன் அஸ் பிளேஸ் எது?" என்று கேட்டார். அஸ் பிளேஸ் என்றால் சொந்த ஊர், வேர் இருக்கும் இடம். நம் ஊரில் பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரர் கேட்கும் அதே கேள்வி. குடமுருட்டி ஆற்றங்கரை என்று சொன்னேன். நிலம் இருக்கிறதா என்றார். இருந்தது, ஆறு மா, அதாவது இரண்டு ஏக்கர், என் கல்யாணத்துக்காக அப்பா விற்றுவிட்டார் என்று எனக்குத் தெரிந்த பிசினில் சொன்னேன். பிசினில் விற்பதற்கு "சலிம்" என்று சொல்ல வேண்டும். அனுப்புவதற்கும் அதே சலிம்தான். நிலத்தை எங்கேயோ பார்சல் போட்டு அனுப்பிவிட்டோம் என்று நினைத்துத்தான் மாமா அப்படிச் சிரித்தார். நான் காசு எண்ணுவதுபோல் விரலைத் தேய்த்துக் காட்டினேன். சிரிப்பு அப்படியே நின்றுபோயிற்று. என் கையைப் பிடித்துக்கொண்டு "சோரி துமாஸ்" என்றார். இரண்டு தெரு தள்ளி ஒரு வீட்டில் சாவு விழுந்தபோது அதே குரலில்தான் சொன்னார்.

அன்றைக்கு ராத்திரி நான் சரியாகச் சாப்பிடவில்லை.

இந்த நாட்டில் மண்ணின் மிகப் பெரும்பகுதி இன்னும் குலங்களின் கையில்தான் இருக்கிறது. பட்டா கிடையாது, பத்திரம் கிடையாது, இந்த ஓடையிலிருந்து அந்த மரம் வரை யாருடையது என்று எல்லாருக்கும் தெரியும். விற்பது என்ற பேச்சே கிடையாது. அதிலும் மாமா இந்த நாட்டின் கிழக்குக் கோடியில் இருக்கும் பூகன்வில் தீவுக்காரர். அங்கே பெரும்பாலான இடங்களில் நிலம் அம்மா வழியில் மகளுக்குத்தான் போகும். மகளை அனுப்புவதற்காக மகளின் நிலத்தையே விற்பதா? இந்தக் கேள்வியை மாமா பல விதமாகப் புரட்டிப் புரட்டிக் கேட்டார், எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. மலைநாட்டுப் பக்கமாவது மாப்பிள்ளை வீட்டுக்காரர்கள்தான் பன்றியும் பணமும் கொண்டுவந்து பெண் வீட்டில் இறக்க வேண்டும்.

மாமாவுக்கு ஏன் இவ்வளவு வலித்தது என்பது அவர் ஊர்க் கதை தெரிந்தால்தான் புரியும், அதை அவர் வாயாலேயே கேட்டேன், ஒரு நாளில் இல்லை, எத்தனையோ மழைகளில். 1886-ல் ஜெர்மனியும் பிரிட்டனும் உட்கார்ந்து கடலில் ஒரு கோடு போட்டன, பூகன்வில் ஜெர்மனி பக்கம் விழுந்தது. சாலமன் தீவுகளில் இருக்கும் சொந்தக்காரர்கள் கடைசியில் வேறு நாட்டுக்காரர்கள் ஆனார்கள். 1914-ல் ஆஸ்திரேலியப் படை வந்து ஜெர்மனியை வெளியேற்றியது. ஜெர்மன் போனாலும் "ராவுசிம்" என்ற வார்த்தை பிசினில் தங்கிவிட்டது, வெளியே துரத்து என்று அர்த்தம். அதுவரை தென்னந்தோப்பும் கொப்பரையும்தான் பிழைப்பு. 1964-ல் பாங்குனா மலையில் செம்பு தேட ஆட்கள் வந்தார்கள். மேலே இருக்கும் மண் உங்களுடையது, அடியில் இருப்பது அரசாங்கத்துடையது என்று சொன்னார்களாம். மாமா இதைச் சொல்லும்போது ஒரு பாக்கை எடுத்து என் முன்னால் நீட்டி, "தோல் உன்னுடையது, உள்ளே இருக்கும் பருப்பு என்னுடையது, எப்படி இருக்கிறது?" என்று கேட்டார். இத்தனை வருடம் கணக்கு வாத்தியாராக இருந்தும் இவ்வளவு தெளிவாக நான் ஒன்றையும் விளக்கியதில்லை.

செம்பை ஏற்றத் துறைமுகம் வேண்டும் என்று கடற்கரையில் ரொரோவானா ஊரின் நிலத்தை அளந்து 1969 ஆகஸ்டில் கல் நட்டார்கள். பெண்கள் போய் அந்தக் கல்லைப் பிடுங்கிப் போட்டார்கள். போலீஸ் கண்ணீர்ப் புகைக் குண்டு வீசி, தடியால் அடித்தது. மாமாவுக்கு அப்போது பத்து வயதுகூட இல்லை, பக்கத்து ஊர். கண் எரிந்து வந்த பெரியம்மாவுக்கு இளநீர் ஊற்றிக் கழுவிவிட்டது நினைவிருக்கிறது என்றார்.

1972-ல் சுரங்கம் ஓடத் தொடங்கியது. 1975 செப்டம்பர் 16-ல் பப்புவா நியூ கினி சுதந்திரம் பெற்றது. அதற்கு இரண்டு வாரம் முன்பே, செப்டம்பர் 1-ல், பூகன்வில் தனி நாடு என்று தானாக அறிவித்துப் பார்த்தது, யாரும் ஏற்கவில்லை. புதிய நாட்டின் ஏற்றுமதி வருமானத்தில் பெரும் பங்கு அந்த ஒரு குழியிலிருந்துதான் வந்தது, நிலத்துக்காரர்களுக்குக் கிடைத்தது சொற்பம். நூறு கோடி டன்னுக்கும் மேலான கழிவு ஜாபா ஆற்றில் இறங்கியது. 1988-ல் பிரான்சிஸ் ஓனா என்ற உள்ளூர்க்காரர், சுரங்கத்திலேயே வேலை பார்த்தவர், தன் ஆட்களோடு மின்கோபுரங்களை வெடி வைத்துச் சாய்த்தார். 1989 மே மாதம் சுரங்கம் மூடப்பட்டது, அப்புறம் அரசாங்கப் படையோடு போர், தீவைச் சுற்றி முற்றுகை. மருந்துகூட உள்ளே போகவில்லை. டீசல் இல்லாமல் தேங்காய் எண்ணெயில் வண்டி ஓட்டினார்களாம், அதை மட்டும் மாமா பெருமையாகச் சொல்வார். கைக்குழந்தையோடு படகேறி வந்ததைச் சொல்லும்போது குடைக்கு வெளியே பார்த்துக்கொண்டுதான் சொல்வார். செத்தவர்கள் ஆயிரக்கணக்கில். 2019-ல் வாக்கெடுப்பு நடந்தபோது நூற்றுக்கு 97 பேருக்கு மேல் தனி நாடு வேண்டும் என்று போட்டார்கள்.

1989 என்று கேட்டதும் எனக்கு ஒன்று உறைத்தது. தமிழ்நாட்டில் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் சம பங்கு என்று சட்டம் வந்ததும் அதே வருடம்தான். எங்கள் ஆறு மாவும் பூர்வீகம். அதனால்தான் 2009-ல் விற்கும்போது பத்திரத்தில் அண்ணனுக்குப் பக்கத்தில் என்னையும் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். நாற்பது பவுனும் பாத்திரமும் பண்டமும் சேர்ந்தது. அப்பாவின் மேல் எனக்குக் கோபம் இல்லை, அவர் கௌரவத்தோடு என்னை அனுப்பி வைத்தார். ஆனால் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்த அன்று சாயங்காலம் அவர் வழக்கம்போல மண்வெட்டியை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு வாசல்வரை போய், அப்புறம் திரும்பி வந்து அதைச் சுவரில் சாய்த்து வைத்தார். அதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

இங்கே எனக்குக் குறை ஒன்றும் இல்லை. கறிவேப்பிலைச் செடி வேலி உயரம் வந்துவிட்டது, தேங்காய்க்குப் பஞ்சமே இல்லை. சர்க்கரைவள்ளியைக் காவ்காவ் என்று கேட்டு வாங்குகிறேன், மகன் கனவில்கூடப் பிசின் பேசுகிறான், தாடியை "முகத்துப் புல்" என்று அந்த மொழியில் சொல்வதைக் கேட்டு அவன் அப்பா இன்னமும் சிரிக்கிறார். ஆனால் மழை ஓய்ந்து மண் வாசனை எழும்பும்போது இது எந்த மண் என்று ஒரு நிமிடம் குழம்பிவிடுகிறேன். நாற்றங்காலில் அப்பாயி எனக்கு முதல் நாற்று முடியைக் கையில் கொடுத்தபோது இதே வாசனைதான்.

போன வருடம் ஊருக்குப் போனபோது ஆறு மாவைப் பார்க்கப் போனேன். வரப்பு இல்லை, வாய்க்கால் தூர்ந்திருந்தது. மனை போட்டு, வரிசையாக மஞ்சள் பெயிண்ட் அடித்த கல் நட்டிருந்தார்கள். எங்கள் களத்து மேடு இருந்த இடத்தில் இருந்த கல்லில் 14 என்று எழுதியிருந்தது.

திரும்பி வரும்போது மாமாவுக்கு ஒரு பாக்குவெட்டி வாங்கி வந்தேன். ஆசையாக வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்து, ஒரு பாக்கை நறுக்கி, இரண்டாவதைப் பல்லாலேயே உரித்துக்கொண்டார். கல் நட்டிருப்பதை அப்போதுதான் சொன்னேன். மாமா மெல்லுவதை நிறுத்திவிட்டு, அந்தக் கல்லை எவ்வளவு ஆழத்துக்கு நட்டிருக்கிறார்கள் என்று கேட்டார்.